கையைப் பிடித்தபடி மூச்சை எண்ணுகிறோம்

தமிழ்ப் படத்தில் தாதியாக வருபவருக்கு மொத்தமே மூன்று வசனங்கள்தான் என்று எங்கள் வார்டில் ஒரு கேலி உண்டு. “டாக்டர், பேஷண்டுக்கு நினைவு திரும்பிடுச்சு.” “சார், இங்க சத்தம் போடக்கூடாது.” “பணம் கட்டினாதான் ஆபரேஷன்.” இந்த மூன்றில் ஒன்றைச் சொன்னதும் அவர் கையில் உள்ள தட்டோடு கதவைத் தாண்டிப் போய்விடுவார். அதன்பிறகு கதைக்கும் அவருக்கும் சம்பந்தமில்லை.

நான் கிள்ளான் பள்ளத்தாக்கில் ஒரு மருத்துவமனையின் பொது மருத்துவ வார்டில் 14 ஆண்டுகளாகத் தாதியாக இருக்கிறேன். இரவு வேலை முடிந்து, பிரிக்ஃபீல்ட்ஸ் கேஎல் சென்ட்ரலில் கொமுட்டர் ரயில் ஏறி, கிள்ளானுக்குத் திரும்புவேன். எதிரே உட்கார்ந்திருப்பவரின் கைப்பேசியில் பெரும்பாலும் ஏதாவது ஒரு மருத்துவமனை ஓடிக்கொண்டிருக்கும். கொரியத் தொடராக இருக்கலாம், அமெரிக்கத் தொடராக இருக்கலாம், பழைய தமிழ்ப் படத்தின் துண்டாகவும் இருக்கலாம். நெட்ஃபிளிக்ஸ், யூடியூப், டிக்டாக் எல்லாம் வந்த பிறகு மருத்துவமனை போகாதவர்கள்கூட வாரம் ஐந்து நாள் மருத்துவமனைக்குள் இருக்கிறார்கள்.

அந்தத் திரை மருத்துவமனையில் நாங்கள் யாராக இருக்கிறோம் என்பதுதான் என் கேள்வி. எங்களுக்கு மரியாதை குறைகிறது என்று புலம்புவதற்காக இதை எழுதவில்லை. திரையில் பார்த்ததை மனத்தில் வைத்துக்கொண்டுதான் மக்கள் நிஜ வார்டுக்குள் வருகிறார்கள். அதன் விளைவு சில நேரம் நோயாளியின் உடம்பில் தெரிகிறது.

திரை கற்றுக்கொடுத்த பாடம்

மருத்துவமனைப் படம் என்றதும் நம் வீட்டுப் பெரியவர்களுக்கு நினைவு வருவது ஸ்ரீதரின் ‘நெஞ்சில் ஓர் ஆலயம்’. 1962 இல் வந்தது. ஏறக்குறைய முழுக் கதையும் ஒரு மருத்துவமனைக்குள்ளேயே நடக்கும். ஆனால் அது டாக்டர், நோயாளி, நோயாளியின் மனைவி ஆகிய மூவரின் கதை. இந்தியில் 1969 இல் வந்த ‘காமோஷி’யில் வஹீதா ரஹ்மான் தாதியாகவே நடித்தார். மனநல மருத்துவமனையில், நோயாளியிடம் அன்பு காட்டியே குணப்படுத்தச் சொல்லப்படும் தாதி, கடைசியில் தன் மனத்தையே தொலைக்கிறாள். உருக்கமான படம். ஆனால் அதில் தாதியின் வேலை என்பது காதல். பயிற்சியோ அறிவோ அல்ல.

அமெரிக்காவில் 2005 இல் தொடங்கிய ‘கிரேஸ் அனாட்டமி’ போன்ற தொடர்களில் வேறொரு வேடிக்கை. ஊசி ஏற்றுவதும், மருந்து கொடுப்பதும், இரவெல்லாம் படுக்கையருகே உட்கார்ந்திருப்பதும் டாக்டர்களே. நாங்கள் செய்யும் வேலை முழுவதும் அங்கே இருக்கிறது, செய்பவர்தான் மாறிவிட்டார்.

இப்படிப் பார்ப்பதால் என்ன ஆகிவிடும்? 1996 இல் அமெரிக்க ஆய்வாளர்கள் மூன்று தொலைக்காட்சித் தொடர்களில், நின்றுபோன இதயத்தை நெஞ்சை அழுத்தி மீட்கும் காட்சிகளை எண்ணிப் பார்த்தார்கள். திரையில் அப்படி முயன்றவர்களில் நான்கில் மூவர் அந்த நேரத்தில் பிழைத்தார்கள். நிஜத்தில் நிலைமை அவ்வளவு நல்லதாக இல்லை. ஒரு முதியவருக்கு இந்த முயற்சி வேண்டுமா என்று குடும்பத்திடம் பேசும்போதெல்லாம், அவர்கள் மனத்தில் ஓடுவது எந்தத் தொடர் என்று எனக்குத் தெரிகிறது.

எங்களைப் பற்றிய பாடமும் அதே வழியில்தான் போய்ச் சேர்கிறது. 2015 இல் அமெரிக்காவில் ஓர் அழகிப் போட்டி மேடையில், தாதியான ஒரு போட்டியாளர் தன் சீருடையில் நின்று தன் வேலையைப் பற்றிப் பேசினார். தொலைக்காட்சி உரையாடல் நிகழ்ச்சி ஒன்றின் தொகுப்பாளர், இவர் ஏன் டாக்டரின் ஸ்டெதஸ்கோப்பை மாட்டியிருக்கிறார் என்று கேட்டார். உலகெங்கும் தாதியர் தங்கள் ஸ்டெதஸ்கோப்போடு படம் எடுத்துச் சமூக ஊடகத்தை நிறைத்தார்கள். விளம்பரதாரர்கள் சிலர் அந்த நிகழ்ச்சியிலிருந்து விலகினார்கள். தொகுப்பாளருக்கு எங்கள் மேல் பகை ஒன்றும் இருந்திருக்காது. அவர் பார்த்த திரைகளில் அந்தக் கருவி டாக்டரின் கழுத்தில்தான் தொங்கியது.

நம் நாட்டில் 2025 பிப்ரவரியில் நாடாளுமன்ற உறுப்பினர் ஒருவர், தாதியரின் சீருடை இறுக்கமாக இருக்கிறது என்று அவையில் பேசினார். தாதியரிடமிருந்து பலத்த எதிர்ப்பு வந்தது. ஆள் பற்றாக்குறையும் வேலை நேரமும் பேசப்பட வேண்டிய காலத்தில் பேச்சு உடைக்குப் போனது. எங்கள் கைகள் என்ன செய்கின்றன என்று தெரியாதபோது, கண்ணுக்குத் தெரிவது உடை மட்டும்தானே.

கேமராவுக்குத் தெரியாத வேலை

அப்படி எங்கள் கைகள் என்னதான் செய்கின்றன? ஒன்றே ஒன்றைச் சொல்கிறேன்.

நோயாளியின் மூச்சை எண்ணுவது எங்கள் அடிப்படை வேலை. நல்ல நிலையில் உள்ள பெரியவர் நிமிடத்துக்கு 12 முதல் 20 முறை மூச்சு விடுவார். அது 24, 26 என்று ஏறினால், உடம்புக்குள் ஏதோ கெட்டுப்போகிறது என்று பொருள். இரத்த அழுத்தம் இறங்குவதற்கு முன்பே மூச்சு பெரும்பாலும் சொல்லிவிடும். ஆனால் “உங்கள் மூச்சை எண்ணப்போகிறேன்” என்று சொன்னால் யாருக்கும் மூச்சு மாறிவிடும். அதனால் நாடி பார்ப்பதுபோல் கையைப் பிடித்துக்கொள்வோம். கண் நெஞ்சின் ஏற்ற இறக்கத்தில் இருக்கும். ஒரு நிமிடம் முழுதாக எண்ணுவோம்.

இதைப் படம் பிடித்தால் என்ன தெரியும்? வெள்ளை உடையில் ஒரு பெண் நோயாளியின் கையைப் பிடித்து அன்போடு பார்த்துக்கொண்டிருக்கிறாள். பின்னணியில் வயலின் வாசித்தால் போதும், தேவதை தயார். அவள் எண்ணிக்கொண்டிருக்கிறாள் என்பதும், அந்த எண்ணை நேற்று இரவு எண்ணோடு ஒப்பிடுகிறாள் என்பதும், அடுத்த நிமிடம் டாக்டரை எழுப்பலாமா வேண்டாமா என்று முடிவெடுக்கிறாள் என்பதும் கேமராவில் விழாது.

நல்ல தாதியின் வேலை சரியாக நடந்தால் ஒன்றும் நடக்காது. படுக்கைப் புண் வராது. நோயாளி கழிவறையில் வழுக்கி விழமாட்டார். தப்பான மருந்து உடம்புக்குள் போகாது. நெஞ்சை அழுத்தி உயிர் மீட்கும் காட்சி தேவைப்படாமலே போய்விடும். நாடகத்துக்கு ஏதாவது நடக்க வேண்டும். எங்கள் வேலை அது நடக்காமல் பார்த்துக்கொள்வது. திரைக்கும் எங்களுக்கும் உள்ள சிக்கல் யாருடைய கெட்ட எண்ணத்தாலும் வந்ததல்ல, இங்கிருந்து வருவது.

ஒரு சம்பவம். ஆளை அடையாளம் காண முடியாதபடி விவரங்களை மாற்றியிருக்கிறேன். நுரையீரல் தொற்றோடு சேர்ந்திருந்த ஒரு பாட்டி. மதியம் இரண்டு மணிக்கு வேலைக்கு வந்த நான் மூச்சை எண்ணினேன், 26. அருகில் இருந்த மகனிடம், “அம்மா இன்னிக்கு எப்படி இருக்காங்க?” என்று கேட்டேன். “காலையிலேர்ந்து ஒரு மாதிரி இருக்காங்க மிஸ்ஸி. என்னை என் தம்பி பேரு சொல்லிக் கூப்பிடறாங்க. அவன் செத்துப் பத்து வருஷம் ஆச்சு” என்றார். உடனே டாக்டரை அழைத்தேன். இரத்தம் எடுத்தோம், சலைன் ஏற்றினோம், மருந்து மாறியது. பாட்டி தேறிவிட்டார்.

அன்று மாலை அவரிடம் மெதுவாகக் கேட்டேன், காலையிலேயே ஏன் யாரிடமும் சொல்லவில்லை என்று. “டாக்டர் வந்தா சொல்லலாம்னு இருந்தேன் மிஸ்ஸி” என்றார். அவரைக் குறை சொல்லமாட்டேன். அம்மாவை மடியில் வைத்துத் தாங்கும் பிள்ளை அவர். வாழ்நாள் முழுக்க அவர் பார்த்த மருத்துவமனைகளில் முக்கியமான செய்தியை டாக்டரிடம்தான் சொல்வார்கள். மிஸ்ஸி ஊசி போடுவார், சத்தம் போடாதே என்பார். ஆனால் டாக்டர் ஒரு படுக்கையருகே நிற்பது சில நிமிடங்கள். நாங்கள் காலை ஏழிலிருந்து இரண்டு, இரண்டிலிருந்து ஒன்பது, இரவு ஒன்பதிலிருந்து ஏழு என்று மாறி மாறி அங்கேயே இருக்கிறோம்.

சரியாகச் சொன்னவர்களும் உண்டு

இந்தச் சிக்கலைத் தாண்டி வந்த படைப்புகளும் இருக்கின்றன. அவற்றில் பலவற்றை இன்று வீட்டிலிருந்தே பார்க்கலாம்.

மலையாள சினிமா முன்னால் நிற்கிறது. வியப்பில்லை, வீட்டுக்கு வீடு தாதியை உலகுக்கு அனுப்பிய ஊர் கேரளம். 2014 இல் ஈராக்கின் திக்ரித் நகரில் போருக்கு நடுவே 46 இந்தியத் தாதியர் சிக்கிக்கொண்ட சம்பவத்தை வைத்து, மகேஷ் நாராயணன் 2017 இல் ‘டேக் ஆஃப்’ எடுத்தார். பார்வதி ஏற்ற பாத்திரம் தேவதையும் அல்ல, கவர்ச்சிப் பொம்மையும் அல்ல. கடன், முறிந்த திருமணம், குடும்பத்தின் சுமை இவற்றோடு விசா வாங்கி விமானம் ஏறும் ஒரு தொழிலாளி. சவூதிக்கும் சிங்கப்பூருக்கும் போன எங்கள் தோழிகளை நான் அதில் பார்த்தேன்.

ஆஷிக் அபுவின் ‘வைரஸ்’ (2019) நமக்கு இன்னும் நெருக்கம். 2018 இல் கோழிக்கோட்டில் நிப்பா பரவியபோது, பேராம்பிரா தாலுகா மருத்துவமனைத் தாதி லினி, நோயாளியைக் கவனித்துத் தானும் நோய்கண்டு, மே 21 அன்று இறந்தார். அவரை நினைவூட்டும் பாத்திரத்தில் ரீமா கல்லிங்கல் நடித்தார். நிப்பா என்ற பெயர் எங்கிருந்து வந்தது? நம் நெகிரி செம்பிலானில் உள்ள சுங்கை நிப்பா கிராமத்திலிருந்து. 1998, 1999 ஆண்டுகளில் பன்றிப் பண்ணைகளில் பரவிய அந்த நோய் இங்கே 265 பேரைத் தாக்கி 105 பேரைக் கொண்டுபோனது. கிருமியைக் கண்டுபிடித்தது கோலாலம்பூரில், மலாயாப் பல்கலைக்கழகத்தில். நோயாளிகள் பலர் அந்தப் பல்கலைக்கழக மருத்துவமனையின் வார்டுகளில்தான் படுத்திருந்தார்கள். என்ன நோய் என்றே தெரியாத நாட்களில் அவர்களைத் துடைத்து, திருப்பிப் படுக்கவைத்து, மூச்சை எண்ணிய தாதியரின் கதையை நம் திரையில் நான் இதுவரை பார்த்ததில்லை. கிருமி நம்முடையது, படம் கேரளத்துடையது.

நாம் சொல்லிய ஒரு கதையும் உண்டு. சிபில் கார்த்திகேசு. தைப்பிங்கில் பிறந்த தமிழ் டாக்டரை மணந்து, ஈப்போவில் அவரோடு மருந்தகம் நடத்திய தாதி, மருத்துவச்சி. ஜப்பானியர் ஆட்சியில் பாப்பான் என்ற சிற்றூரில் எதிர்ப்புப் போராளிகளுக்கு இரகசியமாக மருத்துவம் பார்த்தார். 1943 இல் பிடிபட்டுக் கொடுமையாகச் சித்திரவதை செய்யப்பட்டார், யாரையும் காட்டிக்கொடுக்கவில்லை. பிரிட்டிஷ் அரசு ஜார்ஜ் பதக்கம் அளித்தது. 1948 இல் காலமானார். 2010 இல் அஸ்ட்ரோவில் அவர் கதை ‘ஆப்பா டோசாகு’, அதாவது ‘நான் செய்த பாவம் என்ன’ என்ற தொடராக வந்தது. 2016 செப்டம்பர் 3 அன்று கூகுள் முகப்பில் அவர் படம் இருந்தது. அவரை வீராங்கனை என்று அறிந்தவர்கள் பலர். அவருடைய வீரம் முதலில் ஒரு தாதியின் வேலையாக, காயத்தைக் கழுவிக் கட்டுவதாகத்தான் தொடங்கியது என்பதையும் பிள்ளைகளுக்குச் சொல்ல வேண்டும்.

பாயல் கபாடியாவின் ‘ஆல் வி இமேஜின் அஸ் லைட்’ 2024 இல் கான் விழாவில் கிராண்ட் பிரீ வென்றது. மும்பையில் ஓர் அறையைப் பகிர்ந்துகொள்ளும் இரண்டு மலையாளத் தாதியரின் கதை. அதில் பெரிதாக ஒன்றும் நடக்காது. வேலை, ரயில், சமையல், தனிமை. எங்கள் வாழ்க்கையும் அப்படித்தான். 2023 இல் நெட்ஃபிளிக்ஸில் வந்த கொரியத் தொடர் ‘டெய்லி டோஸ் ஆஃப் சன்ஷைன்’ மனநல வார்டுக்கு மாறிவரும் ஒரு தாதியைப் பற்றியது. முன்பு தாதியாக இருந்த ஒருவரின் இணையச் சித்திரக்கதையிலிருந்து வந்தது அது. நோயாளிகளைக் கவனிக்கும் தாதியே மனச்சோர்வில் விழுந்து வேறொரு வார்டில் நோயாளியாகப் படுக்கும் பகுதியைப் பார்த்துவிட்டு, எங்கள் ஓய்வறையில் வெகுநேரம் யாரும் பேசவில்லை.

2025 இல் வந்த அமெரிக்கத் தொடர் ‘தி பிட்’ ஓர் அவசரப் பிரிவின் ஒரே ஒரு ஷிப்டை மணிக்கு ஒரு பகுதியாக, 15 பகுதிகளில் காட்டியது. தாதியர் பொறுப்பாளர் டேனாதான் அந்த இடத்தையே இழுத்துப் பிடித்து நடத்துகிறார். காத்திருந்து கோபமடைந்த ஒருவர் அவர் முகத்தில் குத்தும் காட்சியும் உண்டு. அந்தப் பாத்திரத்துக்காகக் கேத்தரின் லனாசா எம்மி விருது பெற்றார். எங்கள் வேலையைக் காட்ட வேண்டுமானால் நேரத்தைக் காட்ட வேண்டும் என்று இந்தத் தொடர் புரிந்துகொண்டது. ஒரு மணி நேரம் கூடவே இருந்தால்தான் யார் கண்காணிக்கிறார்கள் என்பது தெரியும்.

கேமரா எங்கள் கையிலும் இருக்கிறது

இப்போது நாங்களே படம் எடுக்கிறோம். 2020 இல் கோவிட் காலத்தில் உலகெங்கும் மருத்துவமனை ஊழியர்கள் பாதுகாப்பு உடையோடு ஆடிய நடனங்கள் உங்கள் புலனக் குழுவுக்கும் வந்திருக்கும். கைதட்டியவர்கள் உண்டு, ஆட நேரம் இருக்கிறதா என்று கேட்டவர்களும் உண்டு. அடுத்த ஆண்டு ஜூலையில், கிள்ளான் தெங்கு அம்புவான் ரஹிமா மருத்துவமனையின் அவசரப் பிரிவு நிரம்பி வழிந்த படங்கள் நாடு முழுதும் சுற்றின. நடனத்தைப் பார்த்துச் சிரித்த அதே கைப்பேசியில் அந்தப் படங்களையும் மக்கள் பார்த்தார்கள். இரண்டும் உண்மை.

ஆனால் இந்தக் கேமராவுக்கு ஒரு கோடு உண்டு. 2022 டிசம்பரில் அமெரிக்காவின் அட்லாண்டாவில் பிரசவ வார்டுத் தாதியர் நால்வர், பிரசவத்துக்கு வருபவர்களிடம் தங்களுக்கு எரிச்சல் தருபவை எவை என்று சிரித்துப் பேசி டிக்டாக்கில் போட்டார்கள். யார் பெயரும் சொல்லவில்லை. ஆனாலும் வேலை போனது. போக வேண்டியதுதான் என்று நினைக்கிறேன். வலியோடு வரும் பெண், நாளை நானும் இவர்களுக்குக் கேலிப்பொருளோ என்று அஞ்சினால், சொல்ல வேண்டியதைச் சொல்லாமல் விழுங்குவாள். நான் மேலே அந்தப் பாட்டியின் விவரங்களை மாற்றியதும் இதற்காகத்தான். எங்கள் வேலையின் சிறந்த தருணங்கள் எல்லாம் இன்னொருவரின் மோசமான தருணங்கள். அவற்றைப் படம் பிடித்து லைக் வாங்க எங்களுக்கு உரிமை இல்லை. முகத்தை மறைத்தால் மட்டும் போதாது. கட்டில் தலைமாட்டுப் பெயரட்டை, கையில் கட்டிய பட்டை, பின்னால் கேட்கும் குரல் எல்லாமே ஆளைக் காட்டிக்கொடுக்கும்.

இதே கோடு பார்க்க வருபவர்களுக்கும் உண்டு. அப்பாவைப் படம் எடுக்கும்போது பக்கத்துக் கட்டிலில் உடை விலகிக் கிடக்கும் பெரியவரும் அதில் விழுகிறார். தாதியின் முகத்துக்கு நேரே கைப்பேசியை நீட்டிக் கேள்வி கேட்டால், மருந்தளவு சரிபார்க்கும் கவனம்தான் முதலில் சிதறும். புகார் இருந்தால் தாராளமாகச் சொல்லுங்கள். வார்டு சிஸ்டரிடம் சொல்லுங்கள், எழுதிக் கொடுங்கள். காணொளி அதற்குப் பிறகு இருக்கட்டும்.

நோயாளி இல்லாமலே நாங்கள் காட்டக்கூடியவை எத்தனையோ. இன்சுலின் ஊசியை எங்கே, எப்படிக் குத்துவது. டிங்கியில் காய்ச்சல் விட்டதும் ஆபத்து விட்டது என்று நினைக்கக்கூடாது. அதன்பிறகுதான் வயிற்றுவலியையும், நிற்காத வாந்தியையும், ஈறில் வரும் இரத்தத்தையும் கவனிக்க வேண்டும். படுத்த படுக்கையில் இருக்கும் பாட்டியைப் புண் வராமல் எப்படித் திருப்புவது. இவற்றை நம் ஊர்த் தமிழில் இரண்டு நிமிடத்தில் சொல்லும் தாதியின் காணொளி, எந்த நடனத்தையும்விட எங்களை யார் என்று காட்டும்.

நம் வீட்டுப் பிள்ளைகள்

உலக சுகாதார நிறுவனத்தின் 2025 அறிக்கைப்படி உலகில் 2 கோடியே 98 இலட்சம் தாதியர் இருக்கிறார்கள். நூற்றில் 85 பேர் பெண்கள். மீதி ஆண்களைத் திரையில் தேடினாலும் காண்பது அரிது. எங்கள் வார்டில் இருக்கும் ஆண் தாதியை நோயாளிகள் தினமும் டாக்டர் என்றே கூப்பிடுகிறார்கள். இங்கே 2024 டிசம்பரிலிருந்து தாதியரின் வார வேலை நேரத்தை 42 இலிருந்து 45 மணியாக உயர்த்தும் ஏற்பாடு, எதிர்ப்பு வந்ததும் தள்ளிவைக்கப்பட்டது. பயிற்சி முடித்தவர்கள் வெளிநாட்டுக்குப் போகிறார்கள். இந்த நிலையில் எஸ்பிஎம் முடித்த மகள் தாதிமை படிக்கிறேன் என்றால், “டாக்டருக்குப் படிக்க முடியாதா?” என்று கேட்கும் வீடுகள் நம்மிடம் நிறைய. மூன்றாண்டு டிப்ளோமாவில் மருந்தியல், உடற்கூறு, நோய்க்கூறு எல்லாம் இருக்கின்றன என்பது அந்தப் பெற்றோருக்குத் தெரியாது. எங்கே பார்த்துத் தெரிந்துகொள்வார்கள்? மூன்று வசனத்திலா?

படம் எடுப்பவர்களை மாற்ற எனக்கு வழியில்லை. பார்ப்பவர்களிடம் இரண்டு வேண்டுகோள்கள் உண்டு. அடுத்த முறை மருத்துவமனைத் தொடர் பார்க்கும்போது, இந்த வேலையை நிஜத்தில் செய்வது யார் என்று பிள்ளைகளிடம் கேளுங்கள். நல்ல விளையாட்டு அது. இரண்டாவது விளையாட்டல்ல. உங்கள் அம்மாவோ அப்பாவோ வார்டில் இருக்கும்போது, அவர் நேற்றுபோல் இல்லை என்று மனத்தில் பட்டால், குழப்பமாகப் பேசினால், சிறுநீர் குறைந்தால், மூச்சு வேகமானால், டாக்டர் வரும்வரை காத்திருக்காதீர்கள். அந்தப் பக்கம் போகும் மிஸ்ஸியை நிறுத்திச் சொல்லுங்கள். அவர் உங்கள் அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு ஒரு நிமிடம் பேசாமல் நிற்பார். அப்போது மட்டும் அவரிடம் எதுவும் கேட்காதீர்கள். எண்ணிக்கொண்டிருப்பார்.